ஷெர்லி டெம்பிளின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

ஹாலிவுட்டின் குழந்தை நட்சத்திரமான ஷெர்லி டெம்பிளின் திரைவாழ்க்கையை அறிய விரும்புகிறவர், அவருடைய உண்மையான பிறந்த நாள் 1928 ஏப்ரல் 23 என்பதை முதலில் குறித்துக்கொண்டு, ஒவ்வொரு படத்திலும் அவருக்கு என்ன வயது என்று கணக்கிட வேண்டும். விளம்பரத்துக்காக அவர் வயதில் ஓராண்டு குறைத்துச் சொல்லப்பட்டதால், அக்காலச் செய்திகள் தரும் வயதை நம்ப இயலாது. புகழ்பெற்ற படங்களை மட்டும் பொறுக்கிப் பார்த்தால் சுருள்முடிக் குழந்தை ஒருத்தியே நினைவில் நிற்பாள். வயது வரிசையில் பார்க்கும்போதுதான், வளர்ந்துகொண்டிருந்த சிறுமியைக் குழந்தையாகவே காட்ட ஸ்டூடியோ எவ்வளவு பாடுபட்டது என்பது புலப்படும்.

1932இல் தொடங்கிய 'பேபி பர்லெஸ்க்ஸ்' குறும்படங்கள், பச்சிளம் குழந்தைகளைப் பெரியவர்களைப் போல நடிக்கவைத்தவை. இன்று முகம் சுளிக்காமல் பார்க்க முடியாத அவற்றைத் தவிர்த்துவிட்டு, 1934ஆம் ஆண்டின் 'பிரைட் ஐஸ்' படத்திலிருந்து தொடங்கலாம். அந்த ஆண்டுப் படங்களுக்காகவே அவருக்குச் சிறுவர்களுக்கான சிறப்பு ஆஸ்கர் வழங்கப்பட்டது. தாயையோ தந்தையையோ இழந்த குழந்தை, அதனிடம் மனம் இளகும் கடுகடுப்பான பெரியவர், இடையில் ஓர் ஆட்டம், ஒரு பாட்டு என்னும் வாய்பாட்டை இங்கேயே அடையாளம் கண்டுகொண்டால், பிந்தைய படங்களில் அது எங்கே நெகிழ்கிறது என்பதைக் கவனிப்பது எளிதாகும்.

அடுத்து 'தி லிட்டில் கர்னல்' (1935). கறுப்பினக் கலைஞர் பில் ராபின்சனுடன் அவர் மாடிப்படியில் ஆடும் காட்சியை, முதல் முறை முகத்தையும் இரண்டாம் முறை கால்களையும் மட்டும் பார்ப்பது நல்லது. காலடித் தாளம் பிசகாத அந்த ஆறு வயதுக் குழந்தையின் உழைப்பு அப்போதுதான் தெரியும். நிறவெறி நிலவிய அமெரிக்கத் தென்மாநிலங்களில் அந்த ஆட்டம் வெட்டப்பட்டது என்பதையும் மனத்தில் கொள்ள வேண்டும். இப்படங்களுக்குப் பின்னாளில் கணினியில் வண்ணம் ஏற்றிய பிரதிகளும் உள்ளன. கறுப்பு வெள்ளைப் பிரதியையே தேடிப் பாருங்கள்.

ஜான் ஃபோர்டு இயக்கிய 'வீ வில்லி விங்கி' (1937) இந்திய வடமேற்கு எல்லையில் நிகழ்வது. அதன் ஏகாதிபத்தியப் பார்வை நமக்கு உறுத்தும். ஆனால் ஷெர்லியின் மிகச் சிறந்த நடிப்பு அதில்தான் இருக்கிறது என்பேன். அதே 1937இல் கே. சுப்ரமணியத்தின் 'பாலயோகினி'யில் நடித்த பேபி சரோஜாவை 'இந்தியாவின் ஷெர்லி டெம்பிள்' என்று அழைத்தார்கள் என்பதிலிருந்து அந்தப் புகழின் வீச்சை அளக்கலாம்.

1935 முதல் 1938 வரை வசூலில் ஹாலிவுட்டின் முதலிடம் ஷெர்லியுடையதே. 'தி லிட்டில் பிரின்சஸ்' (1939), தோல்வியடைந்த 'தி புளூ பேர்டு' (1940) ஆகிய இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். பதினொன்றைத் தொட்ட சிறுமிக்குப் பழைய வாய்பாடு பொருந்தாததைப் பின்னதில் காணலாம். அந்த ஆண்டிலேயே அவரை வைத்துப் படமெடுத்த ஃபாக்ஸ் ஸ்டூடியோவுடனான ஒப்பந்தமும் முடிவுக்கு வந்தது. பதின்வயதுப் படங்களில் 'சின்ஸ் யூ வென்ட் அவே' (1944), 'ஃபோர்ட் அப்பாச்சி' (1948) ஆகிய இரண்டு போதும். 1950இல் அவர் திரையுலகை விட்டு விலகினார்.