"சித்தி வயித்துக்குள்ள பாப்பா எப்படிப் போச்சு?" என்று பிள்ளை கேட்டால்

என் இளைய மகளுக்கு ஏழாம் மாத வளைகாப்பு. சிங்கப்பூரின் யீஷூனில் எங்கள் புளோக்கின் கீழ்த்தளத்திலேயே வைத்தோம். கன்னத்தில் சந்தனம் பூசி வளையல் அடுக்கிக்கொண்டிருந்த நேரம், தொடக்கநிலை நான்கு முடித்திருந்த என் பேரன் எல்லார் காதிலும் விழும்படி கேட்டான்: "பாட்டி, சித்தி வயித்துக்குள்ள பாப்பா எப்படிப் போச்சு?"

"சாமி வச்சாரு" என்றார் ஒரு பெரியம்மா. "சின்னப் பிள்ளை பேசற பேச்சா இது?" என்று இன்னொருத்தர் அதட்டினார். பையன் முகம் சுருங்கிப் போயிற்று.

நான் அவன் கையைப் பிடித்து, "நல்ல கேள்விதான் தம்பி. நாளைக்குக் காலையில பாட்டி சொல்றேன்" என்றேன். அந்த வாக்கைக் காப்பாற்றுவதுதான் முதல் வேலை. "அப்புறம் சொல்றேன்" என்று சொல்லிவிட்டுச் சொல்லாமல் விட்டால், பிள்ளை அடுத்த கேள்வியை உங்களிடம் கொண்டுவர மாட்டான், கைத்தொலைபேசியிடம் கொண்டுபோவான். மறுநாள் தொடங்கி, குழந்தை பிறக்கும்வரை சனிக்கிழமைதோறும் சமையலறை மேசையில் உட்கார்ந்து சொல்லிக் கொடுத்தேன். தொடக்கநிலை ஐந்தில் அறிவியல் பாடமாகவும் இது வரும். ஆனால் நான் பரீட்சைக்காகச் செய்யவில்லை.

எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. பன்னிரண்டு வயதில் பெரியவளானபோது, உள்ளே ஏதோ கிழிந்துவிட்டது, சாகப்போகிறேன் என்று நினைத்துக் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். பச்சை முட்டையும் நல்லெண்ணெயும் குடிக்கத் தந்தார்கள், உளுந்தங்களி கிண்டிக் கொடுத்தார்கள். எதற்கு என்று ஒரு வார்த்தை யாரும் பேசவில்லை. அந்தப் பயம் என் வீட்டில் இன்னொரு பிள்ளைக்கு வரக்கூடாது.

முறை இதுதான். மனிதரில் தொடங்காதீர்கள், பூவில் தொடங்குங்கள். ஒரே ஒரு வாக்கியத்தை வைத்துக்கொள்ளுங்கள்: "ஆணிடமிருந்து ஒரு பாதி, பெண்ணிடமிருந்து ஒரு பாதி, இரண்டும் சேர்ந்தால் ஒரு புது உயிர்." பூவிலும் இதையே சொல்லுங்கள், மீனிலும் இதையே சொல்லுங்கள். சித்தி வயிற்றுக்கு வந்து சேரும்போது அது பிள்ளைக்குப் பழகிய செய்தியாக இருக்கும்.

செம்பருத்தி போல வசதியான பூ வேறில்லை. சொந்தத் தொட்டியில் பூத்ததை எடுங்கள். பூங்காவிலும் சாலையோரத்திலும் பறிப்பது இங்கே சட்டப்படி குற்றம், அதையும் பிள்ளைக்குச் சொல்லிவையுங்கள். பிளேடால் பூவை நெடுக்காகக் கீறுங்கள், பிளேடு உங்கள் கையில் இருக்கட்டும். நடுவே நீண்டு நிற்கும் தூணில் மஞ்சள் பொடி அப்பிய குட்டி உருண்டைகள் மகரந்தப்பைகள். அது ஆண் பாகம். பிள்ளையின் விரலால் தொடச் சொல்லுங்கள், பொடி ஒட்டும். தூணின் நுனியில் ஐந்து சிவப்புப் பொட்டு தெரிகிறதே, அது சூல்முடி, பெண் பாகம். அங்கிருந்து ஒரு மெல்லிய இழை தூணுக்குள்ளேயே அடிவரை இறங்கும். அடியில் பச்சைப் புல்லிவட்டத்துக்குள் ஒளிந்திருக்கும் சிறு குமிழ்தான் சூற்பை. அதையும் கீறி, உருப்பெருக்கிக் கண்ணாடியில் காட்டுங்கள். ஐந்து அறைகளில் வெள்ளை வெள்ளையாய்ப் பொடி மணிகள் இருக்கும். அவை சூல்கள். சூல்முடியில் விழுந்த மகரந்தம் ஒரு குழல் விட்டு அந்த இழை வழியே கீழே இறங்கி சூலைச் சேரும். சேர்ந்த சூல் விதையாகும், சூற்பை காயாகும்.

இந்தச் 'சூல்' என்ற சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள். பூவுக்கும் அதே சொல், பெண்ணுக்கும் அதே சொல், மழை சுமந்த மேகத்தைக்கூடச் சூல்கொண்ட மேகம் என்கிறோம். பள்ளியில் எல்லாவற்றையும் ஆங்கிலத்தில்தான் படிக்கிறார்கள், படிக்கட்டும். வீட்டில் தமிழ்ச் சொல்லும் காதில் விழுந்தால், இவையெல்லாம் நம் பாட்டன் பூட்டன் காலத்திலிருந்தே வெட்கமில்லாமல் பேசப்பட்டவை என்பது பிள்ளைக்குப் புரியும்.

அடுத்த வாரம் மக்காச்சோளம். தேக்கா சந்தையில் மட்டை உரிக்காத கதிராகக் கேட்டு வாங்குங்கள். மட்டையை மெல்லப் பிரித்தால், குஞ்சத்தின் ஒவ்வொரு நூலும் உள்ளே ஒரு மணியில் போய் முடிவதைப் பார்க்கலாம். ஒரு நூல், ஒரு மணி. மகரந்தம் வந்து சேராத நூலுக்கு மணி கிடையாது. கதிரில் பொக்கை விழுந்த இடங்கள் அவைதான். என் பேரன் கதிரைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, "இதுக்கு மட்டும் பாதி வரல" என்று ஒவ்வொரு பொக்கையாகத் தொட்டுக் காட்டினான். அன்றைக்கே எனக்குப் பாதி நிம்மதி வந்துவிட்டது.

வீட்டில் பாகற்கொடி இருந்தால் பிள்ளையே மகரந்தம் சேர்க்கலாம். எங்கள் வீடு ஒன்பதாம் மாடி, தாழ்வாரத்தில் தேனீ அரிதாகத்தான் வரும். முன்பெல்லாம் பிஞ்சு சுண்டுவிரல் நீளம்கூட வராமல் மஞ்சளித்து விழுந்துகொண்டிருந்தது. ஆண்பூவுக்கும் பெண்பூவுக்கும் வித்தியாசம் எளிது: பெண்பூவின் அடியில் குட்டிப் பாகற்காய் ஒன்று முதலிலேயே இருக்கும், ஆண்பூவுக்கு வெறும் காம்பு. ஆண்பூக்கள்தான் முதலில் வரும், பெண்பூ வரும்வரை பொறுத்திருங்கள். காலையில் பூ விரிந்ததும் ஆண்பூவைக் கிள்ளி, இதழை ஒதுக்கி, பெண்பூவின் நடுவில் மெதுவாகத் தொட்டு எடுக்க வேண்டும். அவ்வளவுதான். தொட்ட பூவின் காம்பில் சிவப்பு நூல் கட்டச் சொல்லுங்கள். இன்னொரு பெண்பூவை, மொட்டாக இருக்கும்போதே மெல்லிய வலைத்துணியால் மூடிவிடுங்கள். சில நாளில் நூல் கட்டியது பருக்கும், மூடியது வாடும். எந்தப் புத்தகமும் இதைவிடத் தெளிவாகச் சொல்லாது. ஒரு காயை மட்டும் பறிக்காமல் விடுங்கள்: ஆரஞ்சு நிறமாகப் பழுத்து, மூன்றாக வெடித்து, சிவப்புச் சதை போர்த்திய விதைகளைத் தொங்கவிடும்.

விதை பரவுவதற்குத் தனி வகுப்பு வேண்டாம், நடைப்பயிற்சி போதும். கால்சட்டையில் ஒட்டும் புல், நடைபாதையில் சிவப்பாய்க் கிடக்கும் ஆனைக்குன்றிமணி, காகிதச் சிறகோடு காற்றில் வரும் அங்சானாக் காய் எல்லாம் காலடியிலேயே இருக்கின்றன. எல்லாச் செடிக்கும் இரண்டு பாதி தேவையில்லை என்பதையும் ஒரு வரியில் சொல்லுங்கள். முருங்கைக் கொம்பை வெட்டி நட்டால் துளிர்க்கிறது. அது தாய் மரத்தின் அச்சு, புதுக் கலப்பு அல்ல.

மொச்சையை மட்டும் விட்டுவிடாதீர்கள். இரவு ஊறவைத்து, காலையில் தோலை உரித்து இரண்டாகப் பிளந்தால், பருப்புகளுக்கு நடுவே வளைந்து படுத்திருக்கும் குட்டிச் செடி தெரியும். இரண்டு பருப்பும் அதற்கான கட்டுச்சோறு. உரிக்கும் முன் தோலின் ஓரத்தில் ஒரு தழும்பைக் காட்டுங்கள். காய்க்குள் தாயோடு ஒட்டியிருந்த இடம் அது, விதையின் தொப்புள்.

விலங்குகளுக்கு வருவோம். தட்டில் ஒரு கோழிமுட்டையை உடைத்து ஊற்றினால் மஞ்சள் கருவின் மேல் ஒரு வெள்ளைப் புள்ளி தெரியும். சேவலின் பாதி வந்து சேர்ந்திருந்தால் அங்கிருந்துதான் குஞ்சு தொடங்கும்; அடைகாத்தால் 21 நாள். கடை முட்டை சேவல் இல்லாத பண்ணையில் இட்டது, அதில் குஞ்சு இல்லை. இதைக் கேட்டதும் என் பேரன் நிம்மதியாக ஆம்லெட் சாப்பிட்டான், பாவம், எத்தனை நாள் மனதில் வைத்திருந்தானோ. கப்பி மீன் வளர்த்தால் இன்னொன்றும் பார்க்கலாம்: அது முட்டையிடாது, குட்டியே போடும். தாயே குட்டியைத் தின்னும் என்பதால் உடனே வேறு தொட்டிக்கு மாற்றிவிடுங்கள்.

கொசுவை வைத்து விளக்க நமக்கு ஒரு நல்ல வாய்ப்பு இருக்கிறது. தேசிய சுற்றுப்புற வாரியம் 2016 முதல் வொல்பாக்கியா கிருமி உள்ள ஆண் ஏடிஸ் கொசுக்களைக் குடியிருப்புகளில் விடுகிறது. ஆண் கொசு கடிக்காது. அந்தக் கிருமி இல்லாத பெண் கொசு அதனுடன் சேர்ந்தால், இடும் முட்டை பொரிக்காது. பாதி வந்து சேர்கிறது, ஆனால் அந்தப் பாதி வேலைசெய்யாது. டெங்கியைத் தடுக்கும் இந்த முறை முழுக்க இனப்பெருக்க அறிவில் நிற்கிறது. பாண்டா குட்டி லெ லெ 2021 ஆகஸ்ட் 14 அன்று பிறந்ததும் அப்படித்தான். பெண் பாண்டாவுக்குக் கருத்தரிக்கும் காலம் ஆண்டுக்கு ஒருமுறை, ஓரிரு நாள்தான். லெ லெயின் தாய் ஜியா ஜியாவுக்குச் செயற்கை முறையில் விந்தைச் செலுத்தினார்கள். பாதிகள் தாமாகச் சேராதபோது மருத்துவர் சேர்த்துவைக்கலாம். மனிதரிலும் உண்டு, சிங்கப்பூரின் முதல் சோதனைக்குழாய்க் குழந்தை 1983-இல் பிறந்தது. உறவில் யாருக்காவது அப்படிக் குழந்தை பிறந்திருந்தால் அதில் மறைக்க ஒன்றுமில்லை.

இனி மனிதர். உறுப்புகளுக்குப் பெயர் சொல்லுங்கள்: ஆண்குறி, விதைப்பை, பெண்குறி, கருப்பை. செல்லப் பெயர் வேண்டாம். யாராவது தவறாகத் தொட்டால் பிள்ளை அதைச் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும், அதற்குப் பெயர் தெரிந்திருக்க வேண்டும். 'வயிற்றில் பாப்பா' என்ற பேச்சையும் திருத்துங்கள். சோறு போவது இரைப்பைக்கு, பாப்பா வளர்வது கருப்பையில். இரண்டும் வேறு வேறு பை.

நான் சொன்னது இவ்வளவே: "அப்பாவோட விதைப்பையில விந்தணு உண்டாகும். பெரியவங்க ரெண்டு பேரும் ரொம்ப நெருக்கமா இருக்கும்போது அது ஆண்குறி வழியா வந்து, பெண்குறி வழியா அம்மா உடம்புக்குள்ள போகும். கோடிக்கணக்கில போகும், ஒண்ணுதான் கருமுட்டைக்குள்ள நுழையும். இது பெரியவங்களுக்கு மட்டும்." அவன் "சரி" என்றான், "முட்டை எவ்ளோ பெருசு?" என்று கேட்டான். நாம் நடுங்குகிற இடத்தை அவன் ஒரு நொடியில் கடந்துவிட்டான். கருமுட்டை சுமார் 0.1 மில்லிமீட்டர், கூர்மையான பென்சிலால் ஒரு புள்ளி வைத்துக் காட்டினேன். இரண்டும் சந்திப்பது கருப்பையில் அல்ல, அதற்கு இட்டுச்செல்லும் குழாயில். அங்கிருந்து நகர்ந்து வந்து கருப்பைச் சுவரில் பதியும். சேர்ந்த நாளிலிருந்து ஏறக்குறைய 38 வாரம். மாதந்தோறும் கரு வரும் என்று கருப்பை மெத்தை விரித்துவைக்கிறது, வராவிட்டால் அந்த மெத்தை இரத்தமாக வெளியேறுகிறது. மாதவிலக்கைப் பையனுக்கும் சொல்லுங்கள். நாளை ஒரு வகுப்புத் தோழியின் உடையில் கறை பட்டால் சிரிக்காமல் நிற்பான்.

பிறப்பது ஆணா பெண்ணா என்பது எப்படி என்று காட்ட, இப்போது இரண்டு கிண்ணம் எடுங்கள். அம்மா கிண்ணம் நிறையத் துவரம்பருப்பு. அப்பா கிண்ணத்தில் பாதி துவரை, பாதி தோலுள்ள கறுப்பு உளுந்து. பெற்றோரின் குணங்களைப் பிள்ளைக்குக் கொண்டுவரும் நுண்ணிய இழைதான் குரோமோசோம். துவரை எக்ஸ் குரோமோசோம், உளுந்து ஒய். ஆளுக்கு 23 குரோமோசோம் தருகிறார்கள், அதில் ஒன்றுதான் இது. கண்ணை மூடி ஒவ்வொரு கிண்ணத்திலிருந்தும் ஒன்று எடுக்கச் சொல்லுங்கள். இரண்டும் துவரை என்றால் பெண், துவரையும் உளுந்தும் என்றால் ஆண். இருபது தடவை எடுத்து எழுதச் சொல்லுங்கள். அம்மா கிண்ணத்தில் உளுந்தே இல்லை என்பதைப் பிள்ளை தானாகக் கண்டுபிடிக்கட்டும்.

இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. நான் 1966-இல் கேகே மருத்துவமனையில் பிறந்தவள். அந்த ஓர் ஆண்டில் அங்கே 39,835 பிள்ளைகள் பிறந்தார்கள், கின்னஸ் ஏட்டில் ஏறிய கணக்கு. என் அம்மாவுக்கு நான் நான்காவது பெண். அப்பாவைப் பெற்றவர் என்னைப் பார்க்க ஆஸ்பத்திரிக்கே வரவில்லை. "பொட்டையா பெத்துப் போடறா" என்ற பேச்சைச் சாகும்வரை சுமந்தார் என் அம்மா. கிண்ணத்தில் இல்லாத உளுந்தை அவர் எங்கிருந்து எடுத்துத் தருவார்? இந்த இரண்டு கிண்ணத்தை யாராவது அன்றைக்கு எங்கள் வீட்டில் வைத்திருக்கக் கூடாதா என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

கடைசியாக, கருப்பைக்குள் பாப்பா எப்படிச் சாப்பிடுகிறது என்பது. நஞ்சுக்கொடி கருப்பைச் சுவரில் ஒட்டியிருக்கும், அதிலிருந்து தொப்புள்கொடி. தாயின் இரத்தத்திலிருந்து சத்தும் ஆக்ஸிஜனும் அதன் வழியே போகும், இரண்டு இரத்தமும் நேராகக் கலப்பதில்லை. ஏழாம் மாதத்தில் பாப்பாவுக்குக் காதும் கேட்கும். வளையல் சத்தம் கேட்டிருக்கும் என்றேன், பேரனுக்கு அவ்வளவு மகிழ்ச்சி.

சித்திக்குப் பெண் குழந்தை. வீட்டுக்கு வந்த மூன்றாம் நாள் துணி மாற்றும்போது அவனையும் பக்கத்தில் நிற்க வைத்தேன். கறுத்துக் காய்ந்த தொப்புள்கொடித் துண்டைக் குனிந்து பார்த்தான்.

"பாட்டி, இது விழுந்ததும் மொச்சைக்கொட்டையில இருக்கற மாதிரி தழும்பு வருமா?"

"வரும் கண்ணு. உனக்கும் இருக்கு பாரு."

சட்டையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டான்.