வியன்னாவில் மொசார்ட்டைத் தேடி நடக்கப் போகிறவர்களுக்கு

வழிகாட்டியோடு நடக்கும் சுற்றுலாவுக்குப் பணம் கட்டுவதற்கு முன்னால் ஒன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள்: இசையமைப்பாளர் மொசார்ட் இருந்த வீட்டுக்குள்ளே கூட்டிப் போவார்களா, வாசலில் நிறுத்திக் கதை சொல்வதோடு சரியா? பெரும்பாலும் வாசல்தான். டோம்காசே 5ஆம் எண் வீட்டில்தான் மொசார்ட் 1784 முதல் 1787 வரை குடியிருந்தார், ‘ஃபிகாரோ’ என்ற ஓபராவை (இசை நாடகத்தை) எழுதியதும் அங்கேதான், அதனால் தனியாக டிக்கெட் எடுத்தாவது உள்ளே போய்ப் பாருங்கள். அங்கிருந்து நாலு எட்டு வைத்தால் ஸ்டீஃபன் பேராலயம். 1782இல் மொசார்ட்டுக்குக் கல்யாணம் நடந்த இடம். 1791 டிசம்பரில் இறுதிச் சடங்கும் அங்கேயே.

இன்னொரு இசையமைப்பாளரான பீத்தோவன் இருந்த பாஸ்குவாலாட்டி வீடு நாலாவது மாடியில், லிஃப்ட் கிடையாது. முழங்கால் வலி உள்ளவர்கள் யோசித்துக்கொள்ளுங்கள்.

அப்புறம், மத்தியக் கல்லறைத் தோட்டத்தில் பீத்தோவன், ஷூபர்ட் கல்லறைகளுக்குப் பக்கத்தில் இருப்பது மொசார்ட்டின் நினைவுச் சின்னம் மட்டும்தான். அவரைப் புதைத்தது செயின்ட் மார்க்ஸ் கல்லறையில், அதிலும் சரியான இடம் யாருக்கும் தெரியாது. இரண்டுக்கும் 71ஆம் எண் டிராம் போகும். நகர மையத்தில் பல தெருக்களில் கல் பாவியிருக்கும், செருப்பு வேண்டாம், ஷூ போட்டுக்கொண்டு போங்கள்.