மலையில் நிலத்தகராறா? எந்தக் காகிதத்தில் தப்பு என்று முதலில் பாருங்கள்

பட்டாவில் தகப்பனார் பெயர் ஓர் எழுத்து மாறியிருக்கிறது என்று கோர்ட்டுக்குப் போகிறவர்கள் நீலகிரியில் இருக்கிறார்கள். கோர்ட்டில் மட்டுமே தீரக்கூடிய சண்டைக்குத் தாலுகா ஆபீஸில் வருஷக்கணக்கில் மனு கொடுத்துக்கொண்டிருப்பவர்களும் இருக்கிறார்கள். காசும் காலமும் கரைவதைப் பார்க்கவே மனசு கேட்கவில்லை.

பத்திரத்திலேயே சர்வே எண்ணோ அளவோ தப்பு என்றால், எழுதிக்கொடுத்தவரை அழைத்துப் போய் சார்பதிவாளர் அலுவலகத்தில் பிழைத்திருத்தல் பத்திரம் போடவேண்டும். அவர் உயிரோடு இருக்கும்போதே செய்துவிடுங்கள். வாரிசுகள் எல்லோரையும் பிற்பாடு ஒன்று சேர்ப்பது பெரும்பாடு. பத்திரம் சரி, பட்டாவில் மட்டும் தப்பு என்றால் தாசில்தாரிடம் மனு. அவர் உத்தரவில் குறை இருந்தால் 1983ஆம் வருடத்துப் பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதற்குமேல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. நிலமே யாருடையது என்பதுதான் சண்டை என்றால் சிவில் கோர்ட். பட்டா மட்டுமே உரிமையைத் தந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது.

கோர்ட்டுக்குப் போகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். எதிராளி உங்கள் உரிமையையே மறுக்கும்போது வெறும் உறுத்துக்கட்டளை (தடையுத்தரவு) மட்டும் கேட்டால் வழக்கு நிற்காமல் போகலாம். நிலம் உங்களுடையது என்று கோர்ட்டே அறிவிக்கும் உரிமை விளம்புகையும் சேர்த்துக் கேட்கச் சொல்லி வக்கீலிடம் பேசுங்கள்.

இன்னொரு வீண் பதற்றம், அளவு. பழைய பத்திரத்தில் ஒரு ஏக்கர் என்றிருக்கும். யுடிஆர் என்ற நிலப் பதிவேடு புதுப்பிப்புத் திட்டத்துக்குப் பின் வந்த பட்டாவில் 0 - 40.50 என்றிருக்கும். அறுபது சென்டை யாரோ அமுக்கிவிட்டார்கள் என்று பங்காளியோடு பேச்சை நிறுத்திவிடுவார்கள். அது சென்ட் கணக்கே இல்லை. முதலில் இருப்பது ஹெக்டேர், அடுத்தது ஏர். ஒரு ஏர் ஏறக்குறைய 2.47 சென்ட், ஆக 40.50 ஏர் என்பது முழு ஒரு ஏக்கர். பெருக்கிப் பார்த்தும் குறைகிறது என்றால், யுடிஆருக்கு முந்தைய பதிவேட்டு நகலையும் புலப்படத்தையும் (நிலத்தின் அளவை வரைபடம்) வாங்கி, இப்போதைய அ-பதிவேட்டோடு (சர்வே எண்வாரியாக நில விவரம் சொல்லும் கிராமப் பதிவேடு) வைத்து ஒப்பிடுங்கள். அந்த நகல் இல்லாத மனு பலவீனமான மனு.

மலையில் மிகப் பெரிய சிக்கல் பங்கு பிரிக்காத குடும்பப் பட்டாதான். கோத்தகிரி, குந்தா பக்கத்து ஹட்டிகளில் (படுகர் ஊர்களில்) பட்டா இன்னும் தாத்தா பெயரிலேயே இருக்கும். மகன்கள் வாய்ப்பேச்சாகப் பிரித்து, சில்வர் ஓக் மர வரிசையை எல்லையாக வைத்துத் தேயிலை பறித்துவருவார்கள். ஒருவர் விற்கும்போதுதான் வினை தொடங்கும். வாங்கியவர் பத்திரத்தில் நான்கெல்லை இருக்கும், சர்வே ஆவணத்தில் அந்த எல்லையே இருக்காது. பாகப்பிரிவினையை எழுதிப் பதிவு செய்யுங்கள். அப்புறம் அவரவர் பங்குக்குத் தனி சர்வே உட்பிரிவோடு பட்டா மாறுதலுக்கு விண்ணப்பியுங்கள். சகோதரிகளை விட்டுவிட்டு எழுதாதீர்கள். வாரிசுச் சான்றில் அவர்கள் பெயரும் வரும், பங்கும் அவர்களுக்குச் சேர வேண்டியதுதான்.

சர்வேயர் வரும் நாளில் பக்கத்து நிலத்துக்காரரும் அங்கே நிற்கட்டும். தேயிலைச் செடியைக் கவாத்து செய்து (வெட்டிக் குறைத்து) முடிந்த சமயம் அளப்பது நல்லது. செடி மூடியிருந்தால் எல்லைக்கல்லைக் கண்டுபிடிக்கவே பாதி நாள் போய்விடும்.

கூடலூர், பந்தலூர் கதை வேறு. 1969ஆம் வருடத்து ஜென்மம் எஸ்டேட் (ஜமீன் போன்ற பழைய நிலவுடைமை) ஒழிப்புச் சட்டத்தில் 'செக்‌ஷன் 17' என்று, அதாவது குத்தகை விவகாரம் தீராமல், நிற்கும் நிலங்களை முத்திரைத்தாளில் எழுதி வாங்கிவிட்டு, பட்டா வரும் என்று காத்திருப்பவர்கள் ஏராளம். அந்தக் காகிதத்தால் உரிமை வராது. பணம் கொடுக்கும் முன்பே அ-பதிவேட்டில் அந்த சர்வே எண் என்ன வகைப்பாட்டில் இருக்கிறது, வனத்துறை உரிமை கோருகிறதா என்று பாருங்கள். அரசு நிபந்தனையோடு ஒப்படைத்த நிலத்தின் நிபந்தனைப் பட்டாவும் அப்படித்தான். ஒப்படை ஆணையில் விற்கத் தடை இருக்கிறதா என்று வரிவரியாகப் படியுங்கள்.

எந்த மனுவானாலும் ஒப்புகைச் சீட்டு வாங்காமல் வராதீர்கள். தள்ளுபடி செய்தால் உத்தரவை எழுத்தில் கேளுங்கள். அது கையில் இருந்தால்தான் மேல்முறையீட்டுக்குப் போக முடியும்.