ஸ்டெனெக் லிஷ்கா மியூசிக்கை எங்க ஆரம்பிச்சு எப்படி கேக்கறது

பழைய செக்கோஸ்லோவாக்கியா படம் பாக்கறவங்ககிட்ட டைரக்டர் பேரு கேட்டா கடகடன்னு சொல்வாங்க, அதே படங்களுக்கு மியூசிக் போட்ட ஸ்டெனெக் லிஷ்கா (1922-1983) யாருன்னு கேட்டா முழிப்பாங்க. மனுஷன் கச்சேரி மேடைப் பக்கம் பெருசா போகல, எழுதினது பெரும்பாலும் சினிமாவுக்குத்தான், படத்தோடவே பேரும் கரைஞ்சு போச்சு.

முதல்ல ஆல்பம் தேடாதீங்க, படத்தைப் போடுங்க. டைரக்டர் யூராய் ஹெர்ஸோட 'ஸ்பலோவாச் ம்ர்த்வோல்' (1969, இங்கிலீஷ்ல 'தி கிரிமேட்டர்') தான் சரியான வாசல். பொணம் எரிக்கற இடத்துல வேலை பாக்கற ஒரு சாந்தமான ஆளு, நாஜிக்காரங்க வர்றப்ப மெல்ல மெல்ல கொலைகாரனா மாறுறான், ஆனா மியூசிக் மட்டும் கடைசி வரைக்கும் தாலாட்டற மாதிரி ஒரு வால்ட்ஸ் (மூணு தாளத்துல சுத்தி ஆடற நடன மெட்டு), மேல வார்த்தையே இல்லாம ஒரு பொம்பளைக் குரல். அவன் மனசுக்குள்ள என்ன ஓடுதோ அதைத்தான் நாம கேக்கறோம், பயமே அங்கதான் இருக்கு. அந்த வால்ட்ஸ் எந்தெந்த சீன்ல திரும்ப வருதுன்னு மட்டும் கவனிங்க, மத்ததெல்லாம் ரெண்டாவது தடவை பாக்கறப்ப.

அடுத்தது டைரக்டர் யான் ஷ்வாங்க்மயரோட குறும்படம் 'கோஸ்ட்னிட்செ' (1970), செக் நாட்டு செட்லெட்ஸ்ல மனுஷ எலும்பாலயே அலங்காரம் பண்ணின சின்ன சர்ச் பத்தினது. இதுக்கு ரெண்டு சவுண்ட்டிராக் உண்டு, ரெண்டையும் கேக்கணும். முதல்ல டூர் கைடு ஒருத்தங்க பேச்சுதான் ஓடிச்சு, மேலிடத்துக்கு அது பிடிக்கல, அதனால அதைத் தூக்கிட்டு பிரெஞ்சுக் கவிஞர் ழாக் ப்ரெவேரோட கவிதை ஒண்ணுக்கு லிஷ்கா போட்ட ஜாஸ் பாட்டை வச்சாங்க. அதே மண்டையோடுங்க, அதே எடிட்டிங், ஆனா வேற படம். சென்சாருக்காகப் போட்ட பாட்டுன்னு ஒதுக்கிடாதீங்க, அருமையா இருக்கும்.

எலக்ட்ரானிக் சவுண்ட் வேணும்னா விண்வெளிப் படம் 'இகாரியே எக்ஸ்பி 1' (1963), கோரஸ் வேணும்னா 'மார்கெட்டா லாசரோவா' (1967). இது ரெண்டையும் ஹெட்போன்ல கேளுங்க, லேப்டாப் ஸ்பீக்கர்ல பாதி காணாம போயிடும். ஆஸ்கார் வாங்கின 'ஓப்கோட் நா கோர்ஸே'வும் (1965) இவர் மியூசிக்தான்.

ஒண்ணு மட்டும், நல்ல படங்களோட நிறுத்திக்காதீங்க. 70கள்ல கம்யூனிஸ்ட் ஆட்சிக்கு ஜால்ரா போட்ட 'மேஜர் ஸெமான்' போலீஸ் சீரியலுக்கும் இதே லிஷ்காதான், கதை சகிக்காது, டைட்டில் மியூசிக்கையாவது கேட்டுட்டு ஆஃப் பண்ணிடுங்க.