ஆளில்லாத ரயில் நிலையத்தில் ஏறி இறங்குவது எப்படி: ஷிமோனாதாவை வைத்து ஒரு விளக்கம்

ஜப்பானில் புல்லட் ரயில் ஏறுவது சுலபம். கேட்டுத் தெரிந்துகொள்ள ஆள் இருப்பார்கள். கிராமத்துப் பாதையில் ஓடும் ஒற்றைப் பெட்டி டீசல் வண்டியில்தான் முதல்முறை போகிறவருக்குக் கையும் ஓடாது, காலும் ஓடாது. நிலையத்தில் கவுன்டர் இல்லை, கேட் இல்லை, கேட்க ஒரு மனிதர் இல்லை. 'முஜின் எகி', அதாவது ஆளில்லா நிலையம் என்று இவற்றைச் சொல்வார்கள். இங்கே நிலைய ஊழியரின் வேலையை ஓட்டுநரும் பயணியும் பாதிப் பாதியாகச் செய்கிறார்கள். நம் பாதி என்ன என்று தெரிந்துவிட்டால் பயமில்லை.

ஷிகோகு தீவில் எஹிமே மாகாணத்துக் கடலோரம் இருக்கும் ஷிமோனாதாவையே எடுத்துக்கொள்வோம். 1935இல் திறந்த நிலையம். ஒரே தண்டவாளம், ஒரே நடைமேடை, மேலே ஒரு சிறு கூரை, கடலைப் பார்த்தபடி பெஞ்சு. 1986இல் மலைப்பக்கமாகக் குறுக்குவழிப் பாதை வந்ததும் விரைவு வண்டிகள் அந்தப் பக்கம் போய்விட்டன. அதே ஆண்டு இங்கிருந்த ஊழியர்களும் போனார்கள். பிறகு 'செய்ஷுன் 18' என்ற மலிவு விலை டிக்கெட்டின் விளம்பரச் சுவரொட்டிகளில் இந்த நடைமேடை வந்தது, நாடே தேடி வர ஆரம்பித்தது.

1. சரியான வண்டியைப் பிடியுங்கள்

புதிதாக வருகிறவர்கள் அதிகம் தவறுவது இங்கேதான். எஹிமேயின் தலைநகரான மட்சுயாமாவிலிருந்து தெற்கே போகும் பாதை, முகாய்பாரா நிலையத்துக்கு அப்புறம் இரண்டாகப் பிரிகிறது. உச்சிகோ வழியாகப் போவது மலைவழி. இயோ நாகஹாமா வழியாகப் போவது கடல்வழி, உள்ளூரில் 'உமி மவாரி' என்பார்கள். ஷிமோனாதா கடல்வழியில் இருக்கிறது. 'உவாகாய்' விரைவு வண்டியில் ஏறினால் மலைக்குள் போய்விடுவீர்கள். ஏறும் முன் "உமி மவாரி?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள், போதும்.

திரும்பும் வண்டியின் நேரத்தையும் அப்போதே குறித்துக்கொள்ளுங்கள். ஒன்றை விட்டால் அடுத்ததற்கு இரண்டு மணி நேரத்துக்கு மேலும் காத்திருக்க நேரலாம்.

2. சில்லறை எடுத்துக்கொள்ளுங்கள்

ஷிமோனாதாவில் ரயில் அட்டை தேய்க்கும் கருவி கிடையாது. ஆயிரம் யென் தாள்களும் நாணயங்களும் கையில் இருக்கட்டும். பத்தாயிரம் யென் தாளோடு போய் ஓட்டுநரைச் சங்கடப்படுத்த வேண்டாம். மட்சுயாமாவில் கவுன்டர் இருக்கிறது, போகும் டிக்கெட்டை அங்கேயே வாங்கிவிடுங்கள்.

3. ஏறுவது பின்கதவில், இறங்குவது முன்கதவில்

இதுதான் முக்கியம். இந்த வண்டிகளில் கண்டக்டர் இல்லை. ஓட்டுநரே கட்டணமும் வாங்குவார். ஆளில்லா நிலையத்தில் பின்கதவில் ஏறுங்கள். ஏறியதும் கதவோரம் ஒரு சின்னப் பெட்டி துண்டுச்சீட்டு நீட்டும். பெயர் 'செய்ரிக்கென்'. கட்டைவிரல் அகலம்தான் இருக்கும். அதில் இருப்பது ஓர் எண், நீங்கள் ஏறிய இடத்தைச் சொல்லும் எண். அதைத் தொலைக்காதீர்கள்.

ஓட்டுநரின் தலைக்கு மேலே ஒரு கட்டணப் பலகை இருக்கும். உங்கள் சீட்டில் 4 என்றிருந்தால் பலகையில் 4க்குக் கீழே பாருங்கள், அங்கே இருப்பதுதான் நீங்கள் கொடுக்க வேண்டிய தொகை. ஒவ்வொரு நிலையம் தாண்டும்போதும் அது கூடும்.

ஓட்டுநர் பக்கத்தில் இருப்பது கட்டணப் பெட்டி. பெரும்பாலும் அது மீதி தராது. ஆயிரம் யென் தாளை மாற்றித் தரும் வாய் தனியாக இருக்கும், அதில் முதலில் சில்லறையாக்குங்கள், அப்புறம் சரியான தொகையையும் துண்டுச்சீட்டையும் சேர்த்துப் போடுங்கள். வண்டி நிற்கும்போது மாற்றிக்கொள்வது நல்லது. டிக்கெட் வைத்திருந்தால் ஓட்டுநரிடம் கொடுங்கள். பாஸ் என்றால் காட்டினால் போதும்.

முதல் தடவை நான் பின்கதவு முன்னால் பையோடு நின்றுகொண்டிருந்தேன். வண்டி நின்றது, கதவு திறக்கவில்லை. ஓட்டுநர் எழுந்து திரும்பி, வெள்ளைக் கையுறை போட்ட கையால் முன்பக்கம் காட்டினார். நான் இறங்கும் வரை வண்டி நகரவில்லை. அந்தப் பொறுமையை இன்றும் நன்றியோடு நினைக்கிறேன். இரண்டு பெட்டி வண்டி என்றால் முதல் பெட்டியில் உட்காருங்கள், இரண்டாவதில் கதவு திறக்காமலே போகலாம்.

4. நிலையத்தில்

படம் எடுக்கத் தண்டவாளத்தில் இறங்கவே கூடாது. கண்காணிக்க யாரும் இல்லாத இடம், அதனால்தான் கூடுதல் கவனம் வேண்டும். கீழே 378ஆம் எண் தேசிய சாலை போகிறது, அதற்கப்பால் இயோ கடல். அந்தச் சாலை வரும் முன் நடைமேடைக்குக் கீழேயே அலை அடித்ததாம். மாலையில் சூரியன் நேரெதிரே கடலில் இறங்கும். அந்த வேளையில் பெஞ்சில் இடம் கிடைத்தால் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு அடுத்தவருக்கு விடுங்கள். குப்பையைப் பையிலேயே எடுத்து வந்துவிடுங்கள்.

5. திரும்பும்போது

இரண்டு திசை வண்டிகளும் அதே நடைமேடைக்குத்தான் வரும். முன்னால் எழுதியிருக்கும் ஊரைப் பார்த்து ஏறுங்கள். பின்கதவு, துண்டுச்சீட்டு, அதே கதைதான். ஒன்று மட்டும் மாறும்: மட்சுயாமாவில் எல்லாக் கதவும் திறக்கும், பணம் வண்டியில் கட்ட வேண்டாம். 2024 செப்டம்பரில் அந்த நிலையம் மேம்பாலத்துக்கு மாறியபோது தானியங்கிக் கேட்டுகள் வந்தன. துண்டுச்சீட்டை அவற்றில் நுழைக்காதீர்கள், ஊழியர் இருக்கும் ஓரத்து ஜன்னலில் நீட்டிப் பணம் கட்டிவிட்டு வெளியே வாருங்கள்.