அமாத்துங்குலு: பாதி வெட்டிய கிளையிலிருந்து புதுச் செடி

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகருக்குக் குடிவந்த புதிதில், கடற்கரை மணல்மேட்டில் ஒரு புதரைப் பார்த்ததும் "களா!" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டேன். தடித்துப் பளபளக்கும் இலை, கிள்ளினால் வடியும் பால், முள், மல்லிகையை நினைவூட்டும் வெள்ளைப் பூ. அப்படிச் சொன்னதில் பெரிய தவறில்லை. நாம் ஊறுகாய் போடும் களாவும் இந்தச் செடியும் கரிசா என்ற ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை. களாக்காய் கோலிக்குண்டு அளவோடு நின்றுவிடும். இதன் பழமோ சிறு முட்டை அளவுக்கு வளர்ந்து, செக்கச்செவேலென்று தொங்கும். சூலு மொழியில் பழத்துக்கு அமாத்துங்குலு என்று பெயர். ஆங்கிலம் பேசுகிறவர்கள் நாட்டல் பிளம் என்கிறார்கள். தாவரவியல் பெயர் கரிசா மேக்ரோகார்ப்பா. மேக்ரோகார்ப்பா என்றால் பெரிய கனி.

எதிர்வீட்டு வேலி முழுக்க இதுதான். வருடம் தவறாமல் காய்க்கிறது. அதிலிருந்து ஒரு செடியாவது எடுத்து வளர்த்துவிட வேண்டும் என்று இரண்டு வருடம் முயன்று, மூன்றாம் வருடம்தான் வழி புரிந்தது. அந்த வழியைக் கீழே எழுதுகிறேன்.

விதை வேண்டாம் என்பது ஏன்?

விதை எளிதில் முளைக்கும். இரண்டு வாரத்தில் முளை தெரியும். சிக்கல் அதற்குப் பிறகுதான். இந்தச் செடியில் சில புதர்களின் பூக்கள் ஆண் பூவாகவே வேலை செய்கின்றன. அவை அளவில் பெரியவை, மகரந்தத்தாள் சூல்தண்டைவிட நன்றாக நீண்டிருக்கும். வேறு சில புதர்களின் பூக்கள் பெண் பூவாக வேலை செய்கின்றன. அவற்றில் இரண்டும் ஒரே உயரம், மகரந்தப்பை சிறுத்து, உள்ளே தூள் இல்லாமல் இருக்கும். விதை போட்டு வளர்த்தால் எது வரும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. ஆண் செடி வந்தால் பூவும் மணமும் மட்டும்தான் மிச்சம்.

1903இல் அமெரிக்க வேளாண் துறையைச் சேர்ந்த டேவிட் ஃபேர்சைல்ட் இதே டர்பன் தாவரவியல் பூங்காவிலிருந்து ஏராளமான விதைகளைக் கொண்டுபோனார். மயாமியில் பல ஆயிரம் நாற்றுகள் வளர்ந்தன. பிற்காலத்தில் ஃபுளோரிடாவில் பல செடிகள் சரியாகக் காய்க்கவில்லை. மகரந்தச் சேர்க்கை போதாததே காரணம் என்று கண்டார்கள். தோட்டத்தில் இரண்டு செடிக்கு மட்டும் இடம் வைத்திருப்பவர் விதையை நம்பி இறங்கக் கூடாது. ஆண்டுதோறும் காய்க்கிறது என்று கண்ணால் பார்த்த புதரிலிருந்து கிளை எடுங்கள்.

தொடும் முன் முள்ளைப் பாருங்கள்

இதை மட்டும் அவசரமாகப் படித்துவிட்டுப் போக வேண்டாம். இதே கடலோரக் காட்டில் அகோகாந்தெரா என்ற புதரும் வளர்கிறது. அதே குடும்பம், அதே மாதிரித் தடித்த இலை, மணக்கும் பூ, முறித்தால் பால். அது கொடிய நஞ்சு. அந்தப் பேரினத்துச் செடிகளிலிருந்து ஆப்பிரிக்காவில் அம்புக்கு விஷம் எடுத்தார்கள். அதற்கு முள் கிடையாது, பழம் பழுத்தால் கருநீலமாகும். அமாத்துங்குலுவின் முள்ளோ நுனியில் இரண்டாகப் பிளந்து கவைபோல நிற்கும். சில முட்கள் 5 சென்டிமீட்டர் வரை நீளும். பிளவுபட்ட முள்ளும் சிவந்த பழமும் சேர்ந்து இருந்தால் மட்டுமே கை வையுங்கள். அலங்காரத்துக்காக வளர்க்கும் முள்ளில்லாத குட்டை ரகங்களும் உண்டு. புதியவர்கள் அவற்றை வைத்து அடையாளம் பழகாமல் இருப்பதே நல்லது. அமாத்துங்குலுவிலும் பழுத்த பழத்தைத் தவிர இலை, கிளை எதையும் வாயில் வைக்க வேண்டாம்.

மணல்மேட்டில் தானாக வளர்ந்த புதர்களையும் விட்டுவிடுங்கள். அந்த வேர்கள்தான் மணலை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருக்கின்றன. வேலி வைத்திருக்கும் யாரிடம் கேட்டாலும் நான்கு கிளை தருவார்கள்.

தேவையானவை

கூரான மெல்லிய கத்தி, முழங்கை வரை வரும் தோல் கையுறை, கழுவிய ஆற்று மணல், ஓட்டையுள்ள தொட்டி, அடையாளத்துக்குக் கட்ட வண்ணத் துணி. துணிக் கையுறையால் பயனில்லை, முள் நேராக உள்ளே இறங்கும். செடி கத்தரிக்கும் கத்தரியும் இந்த வேலைக்கு ஆகாது; அது கிளையை நசுக்கும், பாதியோடு நிறுத்தவும் விடாது. கத்தியில் பால் ஒட்டிக்கொண்டால் சமையல் எண்ணெய் தடவித் துடைத்தால் போய்விடும். வேர்விடத் தூண்டும் பொடிகளை நான் வாங்குவதில்லை. கீழே சொல்லும் முறையில் அவற்றுக்குத் தேவை வரவில்லை.

முதல் வெட்டு: பாதியோடு நிறுத்துங்கள்

என் இரண்டு வருடம் வீணானது இந்த இடத்தில்தான்.

செம்பருத்திக்கும் முருங்கைக்கும் செய்கிறபடி கிளையை வெட்டி நேராக மண்ணில் குத்தினேன். முதல் தடவை பன்னிரண்டு குச்சி, மறு வருடம் இருபது. இலை ஒரு வாரம் பச்சையாக நின்றது. பிறகு சுருண்டது. பிடுங்கிப் பார்த்தால் அடி கறுத்து அழுகியிருந்தது. தண்ணீர் அதிகமோ என்று குறைத்தேன், காய்ந்தது. வெயிலோ என்று நிழலுக்கு மாற்றினேன், அழுகியது. கடைசியில் நாற்றுப்பண்ணையில் வேலை செய்யும் ஒரு முதியவர், "தாயிடமிருந்து ஒரே நாளில் பிரிக்கிறாய், அதனால்தான்" என்று சொல்லி, தன் கத்தியால் செய்து காட்டினார்.

பென்சில் பருமனுக்குக் குறைந்த இளங்கிளையைத் தேர்ந்தெடுங்கள். நுனி பச்சையாகவும் அடி லேசாகப் பழுப்பேறத் தொடங்கியும் இருக்க வேண்டும். நுனியிலிருந்து ஒரு சாண் கீழே, கணுவுக்குச் சற்றே கீழாகக் கத்தியை வைத்து, கிளையின் பாதிப் பருமன் வரை மட்டும் வெட்டுங்கள். பால் குபுக்கென்று வரும். பதற வேண்டாம், அது தானே நிற்கும். பிறகு வெட்டுவாய் திறக்கும்படி கிளையை மெதுவாகக் கீழ்நோக்கி வளைத்து அப்படியே தொங்க விடுங்கள். ஒடிந்துவிடக் கூடாது. துணியைக் கட்டிவிட்டு இரண்டு மாதம் அதை மறந்துவிடலாம்.

மீதிப் பாதி வழியாகக் கிளைக்குத் தண்ணீர் போய்க்கொண்டே இருக்கும். வெட்டுப்பட்ட பக்கம் பால் உலர்ந்து, காயம் ஆறி, தழும்பு தடிக்கும். பிரியும் நாள் வரும்போது கிளைக்குப் புது ரணம் பாதிதான். பதியம் போட்டுப் பழகியவர்களுக்கு இந்தக் கணக்கு உடனே விளங்கும்.

இங்கே வசந்தம் செப்டம்பரில் தொடங்குகிறது. நான் அந்த மாதக் கடைசியில் வெட்டுகிறேன். கிளையைப் பிரிக்கும்போது நவம்பர் கடைசி ஆகிவிடும். அப்போது கோடை மழையின் ஈரம் காற்றிலேயே இருக்கும். நம் ஊர் மாதக் கணக்கை இங்கே கொண்டுவர வேண்டாம், பருவம் தலைகீழ்.

இரண்டாவது வெட்டு

தழும்பு தடித்திருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்த்து, அதே இடத்தில் மீதியையும் வெட்டுங்கள். கீழ் இலைகளைக் கிள்ளி, மேலே நான்கைந்து இலை விட்டு, ஈர மணலில் இரண்டு கணு புதையும்படி நடுங்கள். முழு நிழல் வேண்டும். மணல் ஈரமாக இருந்தால் போதும், தண்ணீர் தேங்கக் கூடாது. ஒரு மாதத்தில் வேர் பிடிக்கும். பிடுங்கிச் சோதிக்க வேண்டாம். லேசாக இழுத்தால் எதிர்த்து நின்றால் வேர் வந்துவிட்டது என்று பொருள். பத்துக் கிளை வெட்டியதில் எனக்கு ஏழு பிழைத்தன.

பிறகு நிலத்துக்கு மாற்றுவது எளிது. நல்ல வெயில், நீர் வடியும் மண். உப்புக்காற்றும் மணலும் இதற்குப் பிறந்த வீடு. தண்ணீர் தேங்கும் களிமண் மட்டும் ஆகாது. கிளையிலிருந்து வந்த செடி இரண்டு வருடத்துக்குள் காய்க்கத் தொடங்கும்.

பழம்

முழுச் சிவப்பாகி, தொட்டால் சற்று இளகி, லேசாகத் திருகியதும் கையோடு வரும் பழம்தான் தின்னப் பக்குவமானது. அறுத்தால் உள்ளே வெள்ளைப் பால் புள்ளிகள் தெரியும். பழுத்த பழத்தில் அது கெடுதலில்லை. தோலோடும் சிறு விதைகளோடும் தின்னலாம். ஜெல்லி காய்ச்சுவதானால் அலுமினியப் பாத்திரம் வேண்டாம், எவர்சில்வர் நல்லது. கொதிக்கும்போது பால் பிரிந்து பாத்திரத்தின் ஓரத்தில் பசைபோல ஒட்டும். அதற்கும் எண்ணெய்தான் மருந்து.

பின்சேர்க்கை: பூக்கிறது, காய்க்கவில்லை

இதை எழுதிய பிறகு மூன்று பேர் ஏறக்குறைய ஒரே கேள்வியைக் கேட்டார்கள். மூவரும் ஆளுக்கு ஒரே ஒரு புதரிலிருந்து மட்டும் கிளை எடுத்து, எல்லாவற்றையும் வேர்பிடிக்க வைத்து, பூவும் பார்த்துவிட்டார்கள். காய் மட்டும் இல்லை. இதை நான் முதலிலேயே எழுதியிருக்க வேண்டும். எதிர்வீட்டு வேலியில் இரு வகைப் புதர்களும் கலந்திருந்ததால் எனக்கு இந்தச் சிக்கல் வரவேயில்லை. ஒரு புதரின் கிளைகள் எல்லாம் அந்தப் புதரேதான். பெண் பூ பூக்கும் செடியிலிருந்து பத்து எடுத்தாலும் பத்தும் தூளில்லாத பூதான் பூக்கும். அருகில் நீண்ட மகரந்தத்தாள் உள்ள ஆண் செடி ஒன்று அவசியம். ஆகவே காய்க்கும் புதரிலிருந்து மூன்று கிளை, பூ மட்டும் பூக்கும் புதரிலிருந்து ஒன்று என்று எடுங்கள்.

இரண்டும் இருந்தும் காய்க்கவில்லை என்றால் பூச்சி வரவில்லை என்று கொள்ளலாம். இங்கே இரவில் பறக்கும் அந்துப்பூச்சிகளும் சிறு வண்டுகளும் அந்த வேலையைச் செய்கின்றன. வாசல் விளக்கு இரவு முழுக்க எரிந்தால் அணைத்துப் பாருங்கள். அதுவும் பலிக்காவிட்டால், மெல்லிய ஓவியத் தூரிகையை ஆண் பூவின் குழலுக்குள் விட்டுச் சுழற்றி, மஞ்சள் தூள் ஒட்டியதும் பெண் பூவுக்குள் அதேபோலச் சுழற்றுங்கள். எந்தப் பூவைத் தொட்டீர்கள் என்பதற்கு நூல் கட்டி வையுங்கள். வெள்ளை இதழ் கழன்று விழுந்த பிறகும் காம்பு உதிராமல், நுனியில் பச்சை முண்டு திரண்டிருந்தால் காய் பிடித்துவிட்டது.