கேம் திறக்கவே இல்லையா? யூசர் ஃபோல்டரின் பெயரையும் ஒருமுறை பாருங்கள்

கேமை க்ளிக் செய்கிறீர்கள். கர்சர் கொஞ்சம் சுற்றுகிறது, அப்புறம் ஒன்றுமே நடப்பதில்லை. இணையத்தில் தேடினால் டிரைவரை மாற்று, அட்மினாக ஓட்டு, ஆன்டிவைரஸை நிறுத்து, விண்டோஸையே திரும்பப் போடு என்று ஆளுக்கொரு யோசனை சொல்கிறார்கள். அத்தனையையும் செய்து பார்ப்பதைவிட, கேம் எந்த இடத்தில் நின்றுபோகிறது என்று கண்டுபிடித்துவிட்டால் வேலை சீக்கிரம் முடியும்.

அக்கா மகனின் லேப்டாப்பில் ஒரு கேம் இப்படித்தான் சத்தமே இல்லாமல் மூடிக்கொண்டது. அதைச் சரிசெய்த வரிசையிலேயே எழுதுகிறேன். ரீஸ்டார்ட் செய்தாயிற்று, டிஸ்கில் இடம் இருக்கிறது என்று வைத்துக்கொள்கிறேன். 5-ம் படியைத் தமிழில் பெயர் வைத்துக் கணினி பயன்படுத்துபவர்கள் அவசியம் படியுங்கள்.

1. எங்கே நிற்கிறது?

டாஸ்க் மேனேஜரில் 'டீடெய்ல்ஸ்' பகுதியைத் திறந்து வைத்துக்கொண்டு கேமைத் தொடங்குங்கள். கேமின் பெயர் பட்டியலில் வந்து அப்படியே உட்கார்ந்திருந்தால், பழைய ஓட்டம் ஒன்று மூடாமல் மாட்டியிருக்கலாம். 'எண்ட் டாஸ்க்' கொடுத்துவிட்டு மறுபடி திறங்கள். வந்த வேகத்தில் மறைந்தால் அது கிராஷ். பெயரே வரவில்லை என்றால் லாஞ்சரோ (ஸ்டீம், எபிக் போல கேமைத் திறந்து தரும் மென்பொருள்) ஆன்டிவைரஸோ தடுக்கிறது.

அடுத்து, லாஞ்சரை விட்டுவிட்டு நேரடியாகத் திறந்து பாருங்கள். ஸ்டீமில் கேமின் மேல் ரைட் க்ளிக் செய்து, 'மேனேஜ்', 'ப்ரௌஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்று போனால் கேமின் ஃபோல்டர் வரும். அங்கே இருக்கும் இஎக்ஸ்இ ஃபைலை இரட்டை க்ளிக் செய்யுங்கள். லாஞ்சர் வழியாகத் திறக்கும்போது கண்ணில் படாத எரர் செய்தி பல நேரம் இங்கே தெரியும்.

செய்தியும் வரவில்லையா? ஸ்டார்ட் மெனுவில் 'ரிலையபிலிட்டி' என்று தட்டி, 'வியூ ரிலையபிலிட்டி ஹிஸ்டரி'யைத் திறங்கள். எல்லாரும் ஈவென்ட் வியூவரைச் சொல்வார்கள். அதில் நூறு சம்பந்தமில்லாத வரிகளுக்கு நடுவே தேட வேண்டும். இதில் நாள்வாரியாகச் சிவப்புக் குறியோடு இருக்கும், புதியவர்களுக்கு இதுவே சுலபம். குறியை க்ளிக் செய்து, கீழே வரும் கேமின் வரியில் 'வியூ டெக்னிக்கல் டீடெய்ல்ஸ்' கொடுத்தால், 'ஃபால்ட் மாட்யூல்' என்று கோளாறு வெடித்த ஃபைலின் பெயர் வரும். அது 'என்வி' என்று தொடங்கினால் என்விடியா டிரைவர், 'ஏடிஐ', 'ஏஎம்டி' என்றால் ஏஎம்டி டிரைவர், 'ஐஜி' என்றால் பெரும்பாலும் இன்டெல் கிராபிக்ஸ். 'என்டிடிஎல்எல்', 'கெர்னல்பேஸ்' என்று விண்டோஸின் சொந்த ஃபைல்கள் இருந்தால் அதை வைத்து ஒரு முடிவுக்கும் வராதீர்கள். தவறு வேறெங்கோ நடந்து இங்கே வந்து வெடித்திருக்கும்.

2. ஃபைல்கள் முழுதாக இருக்கின்றனவா?

ஸ்டீமில் 'ப்ராப்பர்ட்டீஸ்', 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' போய் 'வெரிஃபை' கொடுங்கள். எபிக்கிலும் இதே வசதி உண்டு. குறைந்ததை மட்டும் திரும்ப இறக்கிக்கொள்ளும். மொபைல் டேட்டாவில் 60 ஜிபியை அழித்துவிட்டுத் திரும்ப இறக்கும் அளவுக்கு அவசரப்பட வேண்டாம்.

3. டிஎல்எல் இல்லை என்கிறதா?

டிஎல்எல் என்பது கேம் ஓடத் தேவையான துணை ஃபைல். செய்தியில் வரும் அதன் பெயரே மருந்துச்சீட்டு. 'விசிரன்டைம்140', 'எம்எஸ்விசிபி140' என்றால் மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிளின் புதிய தொகுப்பு வேண்டும், அதாவது 2015 முதல் வந்தது. 'எம்எஸ்விசிஆர்120' என்றால் 2013 தொகுப்பு, 110 என்றால் 2012, 100 என்றால் 2010. 'டி3டிஎக்ஸ்9_43', 'எக்ஸ்இன்புட்1_3' போன்றவை என்றால் டைரக்ட்எக்ஸின் ஜூன் 2010 தொகுப்பைப் போட வேண்டும். விண்டோஸ் 11-ல் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கும்போது இது எதற்கு என்று கேட்பார்கள். அந்தப் பழைய துணை ஃபைல்கள் புதியதோடு சேர்ந்து வருவதில்லை.

விண்டோஸ் 64 பிட் என்றாலும் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் போடுங்கள். 32 பிட் கேமுக்கு எக்ஸ்86 தொகுப்புதான் வேண்டும். 7பி என்று முடியும் எரர் கோடு வந்தால், பெரும்பாலும் 32 பிட் கேமிடம் 64 பிட் டிஎல்எல் சிக்கியிருக்கிறது, அல்லது அதற்கு நேர்மாறு.

தனி டிஎல்எல் ஃபைலைத் தரும் தளங்கள் பக்கமே போகாதீர்கள். எந்தப் பதிப்பு, யார் கை வைத்தது என்று தெரியாத ஒன்றை சிஸ்டம் ஃபோல்டரில் போடுவது ஆபத்து. மேலே சொன்ன எல்லாத் தொகுப்புகளும் மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசம்.

4. எந்த கிராபிக்ஸ்?

லேப்டாப்பில் இரண்டு கிராபிக்ஸ் இருந்தால், 'செட்டிங்ஸ்', 'சிஸ்டம்', 'டிஸ்ப்ளே', 'கிராபிக்ஸ்' போய், கேமைச் சேர்த்து 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' என்று வையுங்கள். டிரைவரைப் புதுப்பிக்கும்போது என்விடியாவில் 'க்ளீன் இன்ஸ்டலேஷன்' தேர்ந்தெடுத்தால் போதும். பழைய டிரைவரை முழுதாக நீக்கும் டிஸ்ப்ளே டிரைவர் அன்இன்ஸ்டாலர் நல்ல கருவிதான், ஆனால் அது கடைசி முயற்சி. அதைச் சேஃப் மோடில் ஓட்ட வேண்டும்.

5. பாதையில் தமிழ் எழுத்து இருக்கிறதா?

அக்கா மகனின் லேப்டாப்பில் மேலே சொன்ன எதுவும் பலிக்கவில்லை. ரிலையபிலிட்டி பட்டியலில் சிவப்புக் குறியே இல்லை. அதாவது கேம் கிராஷ் ஆகவில்லை, தானாகவே வெளியேறிக்கொண்டிருந்தது. கேம் தான் செய்வதைக் குறித்துவைக்கும் லாக் ஃபைல் ஒன்று அதன் ஃபோல்டரில் கிடந்தது. அதை நோட்பேடில் திறந்தபோதுதான் விடை கிடைத்தது. யூசர் ஃபோல்டரின் (சி டிரைவில் 'யூசர்ஸ்'-க்குள் நம் பெயரில் இருப்பது) பெயர் வர வேண்டிய இடத்தில் வெறும் கேள்விக்குறிகள். லேப்டாப்பை முதலில் தொடங்கும்போது பையன் தன் பெயரை அழகாகத் தமிழில் கொடுத்திருந்தான்.

விண்டோஸுக்குத் தமிழ்ப் பெயரால் ஒரு சங்கடமும் இல்லை, ஃபைல் பெயர்களை அது யூனிகோடில்தான் வைத்திருக்கிறது. ஆனால் பல கேம்கள் இன்னமும் ஆன்சி எனப்படும் பழைய முறையில் பாதையை, அதாவது ஃபைல் இருக்கும் ஃபோல்டர் முகவரியைக் கேட்கின்றன. அந்த முறையில் ஒவ்வொரு மொழிக்கும் ஒரு கோட் பேஜ் (எழுத்துகளுக்கு எண் தரும் அட்டவணை) வேண்டும். ரஷ்ய மொழிக்கு உண்டு, அரபிக்கு உண்டு. தமிழுக்கு விண்டோஸில் அப்படி ஒன்று கிடையாது, தமிழ் அங்கே யூனிகோடில் மட்டுமே இருக்கிறது. அதனால் ஒவ்வொரு எழுத்தும் கேள்விக்குறியாகிறது. ஃபைல் பெயரில் கேள்விக்குறியை விண்டோஸ் அனுமதிக்காது. கேமால் தன் செட்டிங்ஸ் ஃபைலை எழுத முடியவில்லை, வெளியேறிவிடுகிறது.

சோதிப்பது எளிது. 'செட்டிங்ஸ்', 'அக்கவுண்ட்ஸ்', 'அதர் யூசர்ஸ்' போய் ஆங்கில எழுத்தில் ஒரு லோக்கல் அக்கவுண்ட் உருவாக்குங்கள். வழியில் மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட் கேட்கும். அந்த நபரின் விவரம் இல்லை என்று சொல்லி, மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட் இல்லாத யூசரைச் சேர்க்கும் வழியைத் தேர்ந்தெடுங்கள். புதிய அக்கவுண்டில் நுழைந்து ஸ்டீமில் லாகின் செய்து கேமைத் திறங்கள். கேமைத் திரும்ப இறக்க வேண்டியதில்லை. இங்கே திறந்துகொண்டால் காரணம் பெயர்தான். அப்புறம் இந்த அக்கவுண்டை அட்மினாக்கி, பழைய அக்கவுண்டின் 'டாக்குமெண்ட்ஸ்', 'சேவ்டு கேம்ஸ்', 'ஆப்டேட்டா' ஆகியவற்றில் உள்ள கேம் சேவ்களை நகலெடுத்துக்கொள்ளுங்கள்.

கன்ட்ரோல் பேனலில் பெயரை மட்டும் மாற்றினால் போதாது. திரையில் பெயர் மாறும், ஃபோல்டர் பழைய பெயரிலேயே இருக்கும். விண்டோஸின் உள் அமைப்புகள் இருக்கும் ரெஜிஸ்ட்ரியில் புகுந்து ஃபோல்டர் பெயரை மாற்றும் வழியும் சிலர் சொல்வார்கள். அதில் ஒரு பிழை வந்தால் அக்கவுண்டுக்குள்ளேயே நுழைய முடியாமல் போகலாம். புதிய அக்கவுண்டே நல்லது.

டி டிரைவில் 'விளையாட்டு' என்று தமிழில் ஃபோல்டர் வைத்து, அதற்குள் கேமைப் போட்டாலும் இதே கதைதான்.

6. எழுத விடாமல் தடுப்பது

விண்டோஸ் செக்யூரிட்டியில் 'ரேன்சம்வேர் ப்ரொடெக்ஷன்' பகுதியில் 'கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்' ஆன் ஆகியிருந்தால், 'டாக்குமெண்ட்ஸ்' ஃபோல்டரில் கேமை எழுத விடாது. அந்தப் பாதுகாப்பை அணைக்காமல், கேமை மட்டும் அனுமதிப் பட்டியலில் சேருங்கள்.

பின்சேர்க்கை: புதிய அக்கவுண்ட் வேண்டாம், வேறு வழி உண்டா என்று பலர் கேட்டார்கள். கன்ட்ரோல் பேனலின் 'ரீஜன்', 'அட்மினிஸ்ட்ரேட்டிவ்', 'சேஞ்ச் சிஸ்டம் லொகேல்' பகுதியில் யூடிஎஃப்-8 பற்றி 'பீட்டா' என்று ஒரு பெட்டி இருக்கும். அதை டிக் செய்து ரீஸ்டார்ட் செய்தால் சில கேம்கள் சரியாகிவிடும். ஆனால் டாம், டாப், டிஸ்கி என்ற, யூனிகோடுக்கு முந்தைய தமிழ் எழுத்துருக்களை வைத்து டிடிபி வேலை நடக்கும் கணினியில் இதைத் தொடாதீர்கள். அவை 8 பிட் குறியேற்றத்தை நம்பியவை, பழைய மென்பொருளில் எழுத்து குலையலாம்.

இன்னொரு பின்சேர்க்கை: அன்ரியல் எஞ்சின் என்ற மென்பொருளில் உருவான கேம்கள் தொடங்கும்போதே 'அவுட் ஆஃப் வீடியோ மெமரி' என்று சொல்லி நின்றால், கிராபிக்ஸ் கார்டைக் குறை சொல்வதற்கு முன் ப்ராசசரைப் பாருங்கள். இன்டெல் 13, 14-ம் தலைமுறை டெஸ்க்டாப் ப்ராசசர்கள் சிலவற்றில் மின்னழுத்தக் கோளாறு இருப்பதை 2024-ல் இன்டெல்லே ஒப்புக்கொண்டது. மதர்போர்டின் புதிய பயாஸில் அதற்கான திருத்தம் இருக்கிறது. ஏற்கெனவே கெட்டுப்போன ப்ராசசரை அது சரியாக்காது, வாரன்டியில்தான் மாற்ற வேண்டும்.

பழைய சிடி கேம்கள் பற்றியும் கேட்டிருந்தார்கள். சேஃப்டிஸ்க் என்ற நகல் தடுப்புப் பாதுகாப்பு உள்ள சிடிகள் விண்டோஸ் 10, 11-ல் ஓடாது, அதற்கு வேண்டிய டிரைவர் மென்பொருளையே மைக்ரோசாஃப்ட் எடுத்துவிட்டது. மேலே உள்ள படிகளில் நேரம் செலவிடாமல், அதே கேம் ஜிஓஜி தளத்தில் கிடைக்கிறதா என்று பாருங்கள். அங்கே காப்புப் பூட்டு இல்லாமல் விற்கிறார்கள்.